‘டோனி’ பரிசுக்குப் பெயர் தந்த பெண்மணி

அமெரிக்காவில் சினிமாவுக்கு ஆஸ்கார் பரிசு எப்படியோ, மேடை நாடகத்துக்கு ‘டோனி’ பரிசு அப்படி. ஆண்டுதோறும், பெரும்பாலும் ஜூன் மாதத்தில், நியூயார்க் நகரில் இந்த விழா நடக்கிறது. அந்நகரின் பிராட்வே கொட்டகைகளில் அந்த ஆண்டு அரங்கேறிய நாடகங்களிலும் இசை நாடகங்களிலும் சிறந்தவற்றைத் தேர்ந்தெடுத்துப் பரிசு கொடுக்கிறார்கள். நடிகர், நடிகை, ஆசிரியர், டைரக்டர், இசை, நடனம், ஒளி, உடை என்று எல்லாவற்றுக்கும் தனித்தனிப் பரிசு உண்டு.

‘டோனி’ என்றதும் நம்மவர்களுக்குக் கிரிக்கெட் மட்டை நினைவுக்கு வரும். அமெரிக்கர்களுக்கோ, யாரோ ஓர் ஆண்மகனின் பெயர் என்றுதான் தோன்றும். இரண்டும் இல்லை. அது ஒரு பெண்ணின் செல்லப் பெயர். ஆன்டோனெட் என்பதைத்தான் நண்பர்கள் சுருக்கி டோனி ஆக்கிவிட்டார்கள்.

முழுப் பெயர் மேரி ஆன்டோனெட் பெர்ரி. நடிகையாக இருந்தவர். பெரும் பணக்காரரின் மனைவியாக இருந்தவர். விதவையான பிறகு நாடக டைரக்டராகப் பேர் வாங்கியவர். போர்க்காலத்தில் படைவீரர்களுக்காக ராப்பகலாக உழைத்தவர். கையில் இருந்ததை எல்லாம் நாடகக்காரர்களுக்கே வாரி இறைத்துவிட்டுக் கடனோடு கண்ணை மூடியவர். பரிசைக் கையில் வாங்கிக்கொண்டு மேடையில் கண்ணீர் விடும் பலருக்கு இந்த அம்மையாரின் கதை தெரியாது.

டென்வர் நகரத்துச் சிறுமி

1888ஆம் ஆண்டு ஜூன் 27ஆம் தேதி கொலராடோ மாநிலத்தின் தலைநகரான டென்வரில் ஆன்டோனெட் பிறந்தார். ராக்கி மலைத்தொடரின் அடிவாரத்தில் இருக்கும் ஊர் அது. தந்தை வில்லியம் பெர்ரி ஒரு வக்கீல். தாய் வழியில் நல்ல சொத்துள்ள குடும்பம். தாயார் மின்னி, ‘கிறிஸ்தவ விஞ்ஞானம்’ என்ற சமயப் பிரிவில் ஊறியவர். நோய் வந்தால் டாக்டரிடம் போக வேண்டியதில்லை, பிரார்த்தனையே மருந்து என்பது அந்தப் பிரிவினரின் நம்பிக்கை. மகளும் அந்த நம்பிக்கையை உயிருள்ளவரை விடவில்லை. கடைசியில் அதற்கு அவர் கொடுத்த விலை பெரிது. அதைப் பிறகு பார்ப்போம்.

தாயின் சகோதரி மில்ட்ரெட் ஹால் என்பவரும் அவருடைய கணவர் ஜார்ஜ் வெசல்ஸும் ஊர் ஊராகப் போய் நாடகம் போடும் நடிகர்கள். பள்ளி விடுமுறை விட்டால் சிறுமி ஆன்டோனெட் இவர்களோடு கிளம்பிவிடுவாள். ரயில் பயணம், புது ஊர், திரை, முகப்பூச்சு, அவசர ஒத்திகை என்று விடுமுறை முழுவதும் அதே பிழைப்பு. வீட்டில் தோழிகளைச் சேர்த்துக்கொண்டு தானே நாடகம் போடுவாள். நடிகை ஆக வேண்டும் என்று ஆசைப்பட்ட காலமே தனக்குக் கிடையாது, சிறு வயதிலேயே தன்னை நடிகையாகத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன் என்று பிற்காலத்தில் சொல்வாராம்.

அந்தக் காலத்தில் நல்ல குடும்பத்துப் பெண் நாடகமேடை ஏறுவதை அமெரிக்காவிலும் அவ்வளவாக விரும்பமாட்டார்கள். ஆனால் இவர் வீட்டில் தடை பெரிதாக இல்லை. 1905இல், தமது 17ஆவது வயதில், சிகாகோ நகரில் ‘திருமதி டெம்பிளின் தந்தி’ என்ற நகைச்சுவை நாடகத்தில் முதன்முதலாக நடித்தார். சில வாரங்களிலேயே நியூயார்க் மேடையும் கிடைத்தது.

அப்போது நியூயார்க்கில் டேவிட் பெலாஸ்கோ என்றொரு நாடக முதலாளி இருந்தார். மேடையில் விளக்கு வெளிச்சத்தை வைத்தே மாயம் செய்கிறவர் என்று பேர் பெற்றவர். அவருடைய நாடகங்களில் டேவிட் வார்ஃபீல்ட் என்ற புகழ்பெற்ற நடிகருடன் சேர்ந்து நடிக்கும் வாய்ப்பு ஆன்டோனெட்டுக்குக் கிடைத்தது. ‘சங்கீத வாத்தியார்’ என்ற நாடகத்தில் இளம் பெண் வேடம். அடுத்து 1907இல் இன்னொரு நாடகம். இருபது வயதுக்குள் பிராட்வேயில் தெரிந்த முகமாகிவிட்டார்.

கல்யாணமும் கோடிகளும்

1909இல் எல்லாவற்றையும் விட்டுவிட்டுக் கல்யாணம் செய்துகொண்டார்! மாப்பிள்ளை ஃபிராங்க் ஃப்ரூவாஃப் டென்வர்க்காரர். எரிவாயுவும் மின்சாரமும் விற்கும் தொழிலில் அடிமட்டத்திலிருந்து மேலே வந்தவர். பிறகு ‘சிட்டீஸ் சர்வீஸ்’ என்ற மாபெரும் கம்பெனியின் துணைத் தலைவர்களுள் ஒருவரானார். எண்ணெயும் வாயுவும் பொன்னாகக் கொட்டிய காலம் அது. நியூயார்க்கில் பெரிய வீடு, வேலையாட்கள், விருந்துகள். மூன்று பெண் குழந்தைகள் பிறந்தன. ஒன்று சிசுப் பருவத்திலேயே போய்விட்டது. மார்கரெட், எலெய்ன் என்ற இருவர் தங்கினர்.

பதின்மூன்று ஆண்டுகள் இப்படிக் கழிந்தன. மேடை ஏறாவிட்டாலும் நாடகத்தை அம்மையார் மறக்கவில்லை. கஷ்டப்படும் நடிகர்கள் கதவைத் தட்டினால் வெறுங்கையோடு போவதில்லை. பத்திரிகையாளராக இருந்து நாடகத் தயாரிப்பில் இறங்கிய புராக் பெம்பர்ட்டன் என்பவருடன் பழக்கம் ஏற்பட்டது. 1920இல் பெம்பர்ட்டன் தயாரித்த ‘மிஸ் லூலூ பெட்’ என்ற நாடகத்துக்கு அம்மையார் பணம் போட்டார். அந்த நாடகத்துக்குப் புலிட்சர் பரிசு கிடைத்தது. ஸோனா கேல் என்ற பெண் எழுதிய நாடகம் அது. நாடகத்துக்கான புலிட்சர் பரிசைப் பெற்ற முதல் பெண்மணி அவரே.

1922இல் ஃபிராங்க் திடீரென்று மாரடைப்பால் காலமானார். அவர் விட்டுச்சென்ற சொத்து ஒரு கோடியே முப்பது லட்சம் டாலர் என்று சொல்லப்பட்டது. நூறு ஆண்டுகளுக்கு முந்தைய டாலர் என்பதை வாசகர்கள் நினைவில் கொள்ள வேண்டும்.

முப்பத்து நாலு வயது விதவை. இரண்டு சிறு பெண்கள். ஆயுள் முழுவதும் உட்கார்ந்து சாப்பிடலாம். அவர் என்ன செய்தார்? 1924இல் திரும்பவும் முகத்தில் பூச்சுப் பூசிக்கொண்டு மேடை ஏறினார்.

யாரும் வராத இலவச நாடகம்

திரும்பி வந்த பிறகு சில நல்ல நாடகங்களில் நடித்தார். அவற்றையெல்லாம் வரிசையாகச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் ‘ஏணி’ என்ற நாடகத்தைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை.

1926இல் அரங்கேறிய இந்த நாடகத்துக்குப் பணம் போட்டவர் எட்கர் டேவிஸ் என்ற எண்ணெய்ச் சீமான். அவருக்கு மறுபிறவியில் அசைக்க முடியாத நம்பிக்கை. அந்தக் கொள்கையை அமெரிக்கர்களுக்குப் புரியவைக்க வேண்டும் என்பதற்காகவே நாடகம் எழுதச் செய்து, பெம்பர்ட்டனை டைரக்டராக அமர்த்தினார். நாலு பிறவிகளில் தொடரும் கதை. அம்மையார்தான் கதாநாயகி. விமரிசகர்கள் நாடகத்தைக் கிழித்துத் தோரணம் கட்டினார்கள். கூட்டம் வரவில்லை. டேவிஸ் சளைக்கவில்லை. டிக்கெட் வேண்டாம், சும்மா வந்து பாருங்கள் என்று கொட்டகையைத் திறந்துவிட்டார். சும்மாவும் ஜனங்கள் நிரம்பி வரவில்லை! ஆனாலும் ஓராண்டுக்கு மேல் நாடகத்தை ஓட்டி, பத்து லட்சம் டாலருக்கு மேல் தொலைத்தார். மறுபிறவி என்பது நம் ஊரில் பாட்டிமார் சொல்லும் சாதாரணச் சமாசாரம். அதை நியூயார்க்கில் விலை கொடுத்தும் விற்க முடியவில்லை.

1927இல் அம்மையாருக்குப் பக்கவாதம் தாக்கியது. நடிப்புக்கு முகம்தானே மூலதனம்? அந்த முகத்தையே நோய் பாதித்தது. பிழைத்து எழுந்தார். ஆனால் நடிகையாக அவர் வாழ்க்கை அதோடு ஏறக்குறைய முடிந்துவிட்டது.

இங்கேதான் கதை திரும்புகிறது. நடிக்க முடியாவிட்டால் என்ன, நடிக்க வைப்போம் என்று டைரக்டர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

டைரக்டர்

1920களில் பிராட்வேயில் பெண் டைரக்டர்கள் விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான் இருந்தார்கள். அவர்களிலும் பெரும்பாலோர் தாங்களே எழுதிய நாடகத்தைத் தாங்களே டைரக்ட் செய்தவர்கள். அடுத்தவர் எழுதிய நாடகத்தை வாங்கி, வசூலுக்காக நடக்கும் கம்பெனியில், ஆண் நடிகர்களையும் மேடைக்காரர்களையும் ஒத்திகையில் வேலை வாங்கும் பெண் என்றால் அபூர்வம். பெம்பர்ட்டன் தயாரிப்பாளர், அம்மையார் டைரக்டர் என்று ஒரு கூட்டு உருவாயிற்று. ஆரம்பத்தில் விளம்பரத்தில் இருவர் பெயரும் சேர்ந்தே வந்தன. போகப்போக டைரக்‌ஷன் ஆன்டோனெட் பெர்ரி என்று தனியாகவே வந்தது.

1929 செப்டம்பரில் ‘முழுக்க முழுக்க நாணயமற்றவை’ என்ற பொருள் தரும் தலைப்புடன் ஒரு நாடகம் அரங்கேறியது. எழுதியவர் பிரஸ்டன் ஸ்டர்ஜஸ். பின்னாளில் ஹாலிவுட்டில் பெரிய டைரக்டரான அதே ஸ்டர்ஜஸ்தான். அமெரிக்காவில் அப்போது மதுவிலக்கு அமலில் இருந்தது. திருட்டுத்தனமாகச் சாராயம் விற்கும் ஒரு மதுக்கடையில் நடக்கும் காதல் கதை இது. ஒரே இரவில் ஊர் முழுவதும் இதே பேச்சு. 557 முறை நடந்தது. மூத்த மகள் மார்கரெட்டும் இந்த நாடகத்தில் நடித்தாள்.

நாடகம் தொடங்கி ஒன்றரை மாதம் ஆவதற்குள் நியூயார்க் பங்குச் சந்தை கவிழ்ந்தது. கோடீஸ்வரர்கள் தெருவுக்கு வந்தார்கள். அம்மையாரின் செல்வத்திலும் பெரும் பகுதி அந்த வெள்ளத்தில் போயிற்று. கடன் வேறு தலைமேல் ஏறியது. அதைத் தீர்க்கப் பல ஆண்டுகள் பிடித்தன. கொட்டகைகள் ஒன்றன்பின் ஒன்றாக இருண்ட அந்த நாட்களில் பெம்பர்ட்டன் கம்பெனி தாக்குப்பிடித்ததற்கு இந்த ஒரு நாடகத்தின் வசூல் பெரிய காரணம்.

அதன்பின் தோல்விகள் நிறைய. 1934இல் மறுபடி வெற்றி. ஊர் ஊராகப் போய் ரசிகர்களுக்குத் தரிசனம் தரும் ஒரு சினிமா நட்சத்திரத்தைக் கேலி செய்யும் நாடகம் அது. 501 முறை நடந்தது. 1938இல் கிளேர் பூத் எழுதிய இன்னொரு கேலி நாடகம். ‘கான் வித் த விண்ட்’ படத்துக்குக் கதாநாயகி தேடி ஹாலிவுட்டார் நாடெங்கும் அலைந்த கூத்தைக் கிண்டல் செய்தது. 1942இல் ‘ஜேனி’. போர்க்காலத்துச் சிறுமி ஒருத்தியைப் பற்றிய இந்த நாடகம் 642 முறை நடந்தது.

இவற்றில் எதையும் காவியம் என்று சொல்வதற்கில்லை. அம்மையாரும் தம்மை மேதை என்று சொல்லிக்கொள்ளவில்லை. களைத்து வரும் மனிதனை இரண்டரை மணி நேரம் சிரிக்கவைத்து அனுப்பும் நாடகங்கள் அவை. பெரும்பாலானவற்றை இன்று யாரும் போடுவதில்லை. ஆனால் ஒரு நகைச்சுவை நாடகத்தை ஒன்றரை ஆண்டு தினந்தோறும் தொய்வில்லாமல் ஓடவைப்பது எவ்வளவு கடினம் என்று மும்பையிலும் டெல்லியிலும் சபா நாடகம் போட்டுப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

கொடுத்த கை

1930களின் கடைசியில் அவர் செய்த வேலை ஒன்று பலருக்கு வாழ்வளித்தது. சிபாரிசு இல்லாத இளைஞர்கள் பிராட்வே கம்பெனிகளின் வாசலில் நின்று நின்று திரும்பிப் போவார்கள். அவர்களை வரவழைத்து, நடிக்கச் சொல்லிப் பார்த்து, தேறியவர்களைத் தயாரிப்பாளர்களுக்கு அறிமுகப்படுத்தும் ஒரு திட்டத்துக்கு அம்மையார் தலைமை தாங்கினார். ஆயிரக்கணக்கான இளைஞர்கள் அவர் முன் நடித்துக்காட்டினார்கள். ஒத்திகைக்கும் கணக்கு வழக்குக்கும் நடுவே பொறுமையாக உட்கார்ந்து பார்த்தார்.

பணம் கேட்டவர்களுக்குப் பணம். வாடகை பாக்கி வைத்த நடிகர், ஆஸ்பத்திரியில் கிடக்கும் மேடைத் தொழிலாளி, எழுதி முடிக்கச் சாப்பாட்டுக்கு வழியில்லாத ஆசிரியர் என்று வரிசை குறையவே இல்லை.

இத்தனைக்கும் ஒரு பலவீனமும் உண்டு. குதிரைப் பந்தயம்! கூட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே காரியதரிசி அடிமேல் அடி வைத்து வந்து காதில் எதையோ சொல்வார். எல்லோரும் முக்கிய விஷயம் என்று நினைத்துக்கொள்வார்கள். பந்தயத்தில் எந்தக் குதிரைக்கு என்ன விலை என்ற தகவல்தான் அது! ஜெயித்த பணம் பல நாடகங்களுக்கு முதலாகப் போயிற்று என்று அவருடைய மகளே பின்னாளில் சொல்லியிருக்கிறார். மகாலட்சுமி மைதானத்தில் ஜெயித்த பணத்தை நாடகத்தில் போட்டவர் யாராவது மும்பையில் உண்டா என்று தெரியவில்லை. தோற்ற பணத்துக்குக் கணக்கு அங்கும் இல்லை, இங்கும் இல்லை.

போர்க்கால விடுதி

இரண்டாம் உலகப் போர் மூண்டதும் நாடகத் துறைப் பெண்கள் ஒன்று கூடினார்கள். முதல் உலகப் போரின்போது, 1917இல், இவர்கள் நடத்திய நிவாரணச் சங்கத்துக்கு மீண்டும் உயிர் கொடுத்து ‘அமெரிக்கன் தியேட்டர் விங்’ என்ற அமைப்பாக்கினார்கள். அதன் நிர்வாகத் தலைவராக இருந்து பாரம் முழுவதையும் சுமந்தவர் பெர்ரி அம்மையார்.

இந்தச் சங்கம் செய்த காரியங்களில் புகழ் பெற்றது 1942 மார்ச் 2ஆம் தேதி நியூயார்க்கில் திறந்த ‘ஸ்டேஜ் டோர் கேன்டீன்’. ஒரு நாடகக் கொட்டகையின் நிலவறைதான் இடம். போருக்குப் புறப்படும் சிப்பாய்கள் அங்கே வரலாம். சாப்பாடு, காபி, பாட்டு, நடனம் எல்லாம் இலவசம். மது மட்டும் கிடையாது. பரிமாறுவது யார்? பிராட்வேயின் பெரிய நட்சத்திரங்கள்! மாலையில் நாடகத்தில் ராணியாக நடித்தவர் இரவில் இங்கே தட்டுக் கழுவுவார். அதிகாரிகளுக்கு இடமில்லை. சாதாரணச் சிப்பாய்களுக்கும் மாலுமிகளுக்கும் மட்டுமே.

இன்னொன்றையும் அழுத்திச் சொல்ல வேண்டும். அப்போது அமெரிக்க ராணுவத்தில் வெள்ளையருக்குத் தனிப் படை, கறுப்பருக்குத் தனிப் படை. 1948இல்தான் அந்தப் பிரிவினையை ஒழிக்க ஜனாதிபதி உத்தரவிட்டார். ஆனால் இந்தக் கேன்டீனில் 1942லேயே எல்லா நிறத்தாரும் ஒரே மேசையில் உட்கார்ந்தார்கள். ஒரே தளத்தில் ஆடினார்கள். எதிர்ப்புக் கிளம்பியும் சங்கம் விட்டுக்கொடுக்கவில்லை.

வேறு பல நகரங்களிலும் கிளைகள் தோன்றின. 1943இல் இதன் பெயரிலேயே ஒரு சினிமாவும் வந்தது. அதிலும் சங்கத்துக்கு நல்ல வருமானம். அந்தப் பணத்தைக் கொண்டு ஆஸ்பத்திரிகளில் கிடந்த வீரர்களுக்கும், கடல் கடந்து போர்முனைக்கு அருகில் இருந்தவர்களுக்கும் நாடகம் நடத்தினார்கள்.

கண்ணுக்குத் தெரியாத முயல்

இந்த அலைச்சலுக்கு நடுவில்தான் அவருடைய மிகப் பெரிய வெற்றி வந்தது. எழுதியவர் மேரி சேஸ் என்ற பெண்மணி. அவரும் டென்வர்க்காரர்! பத்திரிகை நிருபராக இருந்து, மூன்று பிள்ளைகளுக்குத் தாயானவர். போரில் மகனைப் பறிகொடுத்த ஒரு பக்கத்து வீட்டுத் தாயைப் பார்த்து, அவளை ஒருமுறையாவது சிரிக்கவைக்க ஏதாவது எழுத வேண்டும் என்று நினைத்தாராம். இரண்டு ஆண்டு உழைத்து எழுதிய நாடகம் ‘ஹார்வி’.

எல்வுட் என்ற சாதுவான மனிதர். கொஞ்சம் குடிப்பார். அவருக்கு ஒரு நண்பன். ஆறடிக்கு மேல் உயரமுள்ள வெள்ளை முயல்! அது அவர் கண்ணுக்கு மட்டுமே தெரியும். போகும் இடமெல்லாம் அதற்கு நாற்காலி போடச் சொல்வார், எல்லோருக்கும் அறிமுகப்படுத்துவார். மானம் போகிறதே என்று அக்காள் அவரைப் பைத்தியக்கார ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போகிறாள். அங்கே டாக்டர்கள் அக்காளைப் பிடித்து உள்ளே போட்டுவிடுகிறார்கள். பிறகு ஒரே ரகளை.

இதை மேடையில் காட்டுவது எப்படி? கதாநாயகனுக்குச் சமமான பாத்திரம், ஆனால் மேடையில் இல்லை. முயல் வேடம் போட்ட ஆளை வைத்து ஒத்திகைக் காலத்தில் ஒருமுறை முயன்று பார்த்து, சரிப்படாது என்று கைவிட்டதாகச் சொல்வார்கள். காலி நாற்காலியைக் காட்டி, அதில் முயல் உட்கார்ந்திருக்கிறது என்று ஆயிரம் பேரை நம்பவைக்க வேண்டும். நடிகரின் பார்வை எந்த உயரத்துக்குப் போகிறது, கதவை எவ்வளவு நேரம் திறந்து பிடிக்கிறார், பக்கத்தில் எவ்வளவு இடம் விட்டு நடக்கிறார் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. அது டைரக்டரின் வேலை. அடுத்தவர் கண்ணுக்குத் தெரியாத வேலையும்கூட.

1944 நவம்பர் 1ஆம் தேதி ‘ஹார்வி’ அரங்கேறியது. மறு ஆண்டு மேரி சேஸுக்குப் புலிட்சர் பரிசு கிடைத்தது. டென்னஸி வில்லியம்ஸின் ‘கண்ணாடிச் சிற்பங்கள்’ நாடகம் போட்டியில் இருந்தும் இதற்குத்தான் கொடுத்தார்கள். 1949 ஜனவரி வரை 1,775 முறை நடந்தது. 1950இல் ஜேம்ஸ் ஸ்டூவர்ட் நடித்துப் படமாகவும் வந்தது.

அம்மையார் அதுவரை இருக்கவில்லை.

முடிவு

இதயக் கோளாறு நெடுநாளாகவே இருந்தது. டாக்டரிடம் போகச் சொல்லி நண்பர்கள் கெஞ்சினார்கள். தாயாரிடமிருந்து வந்த சமய நம்பிக்கை குறுக்கே நின்றது. பிரார்த்தனை செய்தார், வேலைக்குப் போனார். 1946 ஜூன் 27ஆம் தேதி 58 வயது நிறைந்தது. மறுநாள் மாரடைப்பால் காலமானார். நியூயார்க்கில் உள்ள உட்லான் இடுகாட்டில் கணவருக்கு அருகே அடக்கம் செய்யப்பட்டார். கோடிகளுக்கு வாரிசாக இருந்தவர் விட்டுச்சென்றது கடன்தான்.

அவருக்கு ஏதாவது நினைவுச் சின்னம் வேண்டும் என்று நண்பர்கள் கூடிப் பேசினார்கள். ‘வார்னர் பிரதர்ஸ்’ சினிமாக் கம்பெனியைச் சேர்ந்த ஜேக்கப் வில்க் என்பவர் யோசனையைத் தொடங்கிவைத்தார். சிலை வேண்டாம், கட்டடம் வேண்டாம், நாடகத் துறையில் சிறந்த பணிக்கு ஆண்டுதோறும் அவர் பெயரால் பரிசு கொடுப்போம் என்று முடிவாயிற்று. பெம்பர்ட்டன் குழுத் தலைவரானார்.

1947 ஏப்ரல் 6ஆம் தேதி, ஈஸ்டர் ஞாயிறு இரவு, வால்டார்ஃப் அஸ்டோரியா ஓட்டலில் முதல் விழா. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் வந்தார்கள். விருந்து, நடனம், பாட்டு. ரேடியோவில் ஒலிபரப்பும் உண்டு. அன்று பரிசு பெற்றவர்களில் நடிகை இங்க்ரிட் பெர்க்மன், நாடகாசிரியர் ஆர்தர் மில்லர், டைரக்டர் எலியா கசான் போன்றவர்கள் இருந்தார்கள். பரிசு என்ன தெரியுமா? ஒரு பாராட்டுச் சுருளும், ஆணாக இருந்தால் சிகரெட் லைட்டர் போன்ற ஒரு பொருளும், பெண்ணாக இருந்தால் முகப்பவுடர் டப்பியும்!

ஆனால் அந்த முதல் விழாவில் வேறு சிலருக்கும் சிறப்புப் பரிசு கொடுத்தார்கள். நாடகக்காரர்களுக்குக் கடன் சொல்லிச் சாப்பாடு போட்ட சார்டி என்ற ஓட்டல்காரருக்கு ஒன்று. ஒரு நாடகத்தின் முதல் காட்சியைக்கூடத் தவறவிடாத காட்ஸன்பெர்க் என்ற ரசிகத் தம்பதிக்கு ஒன்று. டோரா சேம்பர்லின் என்ற பெண்மணிக்கு ஒன்று. இவர் யார்? மார்ட்டின் பெக் கொட்டகையில் டிக்கெட் கொடுப்பவர். வருகிறவர்களிடம் என்றைக்கும் முகம் சுளிக்காமல் பேசினார் என்பதற்காகப் பரிசு. மற்றப் பரிசுகளைவிட இவைதாம் பெர்ரி அம்மையாரின் மனத்துக்கு நெருக்கமானவை என்று நமக்குப் படுகிறது. பிந்திய ஆண்டுகளில் டெலிவிஷன் வந்தது, நாடெங்கும் கோடிக்கணக்கானவர்கள் பார்க்கிறார்கள் என்றானது. டிக்கெட் கவுண்டர்காரருக்கு அந்த மேடையில் இடம் சுருங்கிப்போயிற்று.

நம் பக்கத்துக் காற்றும் அந்த மேடையில் கொஞ்சம் வீசியிருக்கிறது. ஏ. ஆர். ரஹ்மான் இசையமைத்த ‘பம்பாய் ட்ரீம்ஸ்’ 2004இல் நடனம், உடை, இசைக்கோப்பு ஆகிய மூன்று பிரிவுகளில் போட்டிப் பட்டியலில் இடம்பெற்றது. பரிசு கிடைக்கவில்லை. பாண்டிச்சேரியில் தொடங்கும் கதையான ‘லைஃப் ஆஃப் பை’ நாடகமாகி, 2023இல் மேடை அமைப்பு, ஒளி, ஒலி ஆகியவற்றுக்கு மூன்று டோனி பரிசுகளை வென்றது.

ஒரு பெண் டைரக்டரின் நினைவாக வைத்த பரிசு இது. சிறந்த டைரக்டர் பரிசை ஒரு பெண் வாங்க எத்தனை ஆண்டு ஆயிற்று? 1947இல் தொடங்கிய கணக்கு 1998இல்தான் தீர்ந்தது. ஐம்பத்தோர் ஆண்டுகள்! அந்த ஆண்டு அயர்லாந்துக்காரரான கேரி ஹைன்ஸ் நாடகத்துக்கும், ‘லயன் கிங்’கை உருவாக்கிய ஜூலி டேமர் இசை நாடகத்துக்கும் ஒரே இரவில் சில நிமிஷ இடைவெளியில் பரிசு வாங்கினார்கள்.

1949இல் ஹெர்மன் ராஸ் என்ற கலைஞர் இந்தப் பரிசுக்கென்று வட்டமான பதக்கம் ஒன்றை வடிவமைத்துக் கொடுத்தார். இன்றும் அதே வடிவம்தான். ஒரு பக்கத்தில் சிரிக்கும் முகமூடியும் அழும் முகமூடியும். மறுபக்கத்தில் ஆன்டோனெட் பெர்ரியின் பக்கவாட்டு முகம். பிற்காலத்தில் அந்தப் பக்கத்தில் பரிசு பெற்றவரின் பெயரையும் நாடகத்தின் பெயரையும் பொறிக்க இடம் வேண்டியிருந்தது. அம்மையாரின் முகத்தை எடுத்துவிட்டார்கள்.